பாதியில் நின்ற பெயர்

“மகோஹாச்சி. வயசு இருபத்திரெண்டு. தோகுரா கோட்டை, கிழக்கு வாசல்ல நிக்கிறேன். தைரியம் இருக்கிறவன் முன்னாடி வா.”

தண்ணீர்த் தொட்டியைப் பார்த்துத்தான் சொன்னான். தொட்டிக்குள் இரவு உறைந்திருந்த பனிக்கட்டியில் அவன் முகம் மங்கலாகத் தெரிந்தது. மகோஹாச்சி நெஞ்சை நிமிர்த்தி, இன்னொரு தடவை தொண்டையைச் செருமினான்.

அவன் மனைவி இசோ சாமைக் கஞ்சியைக் கிண்டிக்கொண்டே சிரித்தாள்.

“குலப்பேரு இல்லாம மொட்டையாச் சொன்னா எதிர்ல நிக்கிறவன் என்ன நினைப்பான்? மீன் விக்க வந்திருக்கான்னு நினைப்பான்.”

“சிரி, சிரி. ஒரு நாள் குலப்பேரோட சொல்லத்தான் போறேன். அன்னிக்கு நீ என்னை மரியாதையா வாங்க போங்கன்னு கூப்பிடணும்.”

“இப்ப மட்டும் எப்படிக் கூப்பிடுறேனாம்?”

“மனசார கூப்பிடணும்.”

களத்தில் இறங்குகிற சாமுராய் முதலில் தன் பெயரையும் வயதையும் நிற்கிற இடத்தையும் உரக்கச் சொல்வான். அப்புறம்தான் வாளை உருவுவான். ஈட்டி தூக்குகிற காலாட்களுக்கு அந்த உரிமை கிடையாது. அவர்கள் பெயர் சொல்லாமல் ஓடிப்போய், பெயர் சொல்லாமல் விழுவார்கள். மகோஹாச்சி காலாள். ஆனாலும் தினமும் காலையில் தொட்டிக்கு முன்னால் நின்று சொல்லிப் பார்க்காமல் கஞ்சி குடிக்க மாட்டான்.

அன்று கஞ்சியைப் பாதியிலேயே வைத்துவிட்டான். ஏன் என்று இசோவுக்குத் தெரியும். நாளை மறுநாள் விடியற்காலையில் கிழக்கு வாசலைத் திறப்பார்கள். அங்கே நிற்கிற ஆட்கள் பனிச்சரிவில் இறங்கி முற்றுகையை உடைக்க வேண்டும். உடையாது. வெளியே எதிரிகள் எறும்பு மாதிரி கிடந்தார்கள். அதற்குள் ஒரு பெரிய இடத்துத் தலையைக் கொண்டுவருகிறவனுக்கு மட்டும் குலப்பேரும் உள்கோட்டைக் காவலும் கிடைக்கும் என்று அதிகாரி குரோகி சொல்லியிருந்தார். உள்கோட்டை என்றால் உயிர்.

அவன் வைக்கோல் செருப்பை இறுக்கிக் கட்டிக்கொண்டு போனான்.

இசோ தன் வேலைக்குப் போனாள்.

அவள் வேலை, பழைய அரிசிக் கிடங்கில். நம் ஆட்கள் வெட்டிக்கொண்டு வருகிற தலைகளைக் கிடங்குப் பெண்கள் கழுவ வேண்டும். முடியைச் சீவி முடிச்சுப் போட்டு, முகத்துக்கு மாவு பூசி, பெயர்ப் பலகையைக் கட்டி, வரிசையாக வைக்க வேண்டும். கோட்டையின் பிரபு வந்து பார்ப்பார். முதலில் பயமாக இருந்தது. பிறகு வாந்தி வந்தது. இப்போது எதுவும் வருவதில்லை. தண்ணீரின் குளிரில் விரல்கள் மரத்துப்போன மாதிரி, விரலுக்கு மேலேயும் எல்லாம் மரத்துப்போயிருந்தது. மதியச் சோற்று உருண்டையைத் தலைகளுக்கு நடுவிலேயே உட்கார்ந்து தின்பார்கள்.

“இவனைப் பாரேன்,” என்றாள் பக்கத்தில் இருந்த தொமே. போன மாதம் புருஷனைப் பறிகொடுத்தவள். ஒரு தலையின் காதைப் பிடித்துத் திருப்பிக் காட்டினாள். “காதுக்குள்ள எவ்வளவு அழுக்கு. பொண்டாட்டி ஒருத்தி இருந்திருந்தா இப்படி விட்டிருப்பாளா?”

“கல்யாணம் ஆகலையோ என்னவோ.”

“அதான் இங்க வந்து என்கிட்ட குளிச்சிக்கிறான்.”

மத்தியானம் கடந்து, பனி பெய்ய ஆரம்பித்த நேரத்தில், கிடங்கின் பின்கதவை யாரோ சுரண்டினார்கள். இசோ திறந்தாள். மகோஹாச்சி நின்றான். கையில் துணி மூட்டை. துணியின் அடிப்பக்கம் கறுப்பாக நனைந்திருந்தது.

“யாரு இது?”

“தெரியல.”

“பேரு கேக்கலையா?”

அவன் பனியைப் பார்த்தான். “பள்ளத்துல கால் உடைஞ்சு கிடந்தான். என்னைப் பார்த்ததும் எந்திரிச்சு உக்காந்தான். பேரு சொல்ல வந்தான். ‘நான்’னு ஆரம்பிச்சான்.”

“அப்புறம்?”

“முடிக்க விடல.”

இசோ மூட்டையைப் பிரித்தாள். பையன். மீசைகூட முளைக்கவில்லை. வெயிலில் கறுத்த முகம், உப்புக் காற்றில் வெடித்த உதடு. வாய் பாதி திறந்திருந்தது. உள்ளே பற்கள் வெள்ளை வெளேரென்று இருந்தன. பெரிய இடத்து ஆண்கள் பல்லைக் கறுப்பாக்கிக்கொள்வார்கள். வெள்ளைப் பல் என்றால் யாருமில்லாதவன், எங்கிருந்தோ கூலிக்கு வந்தவன். இந்தத் தலையை வைத்துக்கொண்டு குரோகியிடம் போனால் சிரிப்பார்.

“பல்லைக் கறுப்பாக்கு,” என்றான் மெதுவாக. “புருவம் தீட்டு. மை போட்டா வயசு ஏறும். காலைல மதிலுக்கு அந்தப் பக்கம் ஒருத்தன் கத்தினானே, ஹிராகா குராந்தோன்னு. அப்புறம் அவன் சத்தமே இல்ல. செத்திருப்பான். அந்தப் பேரைக் கட்டிடு.”

“இன்னொருத்தன் பேரையா?”

“இவனுக்குத்தான் பேரே இல்லையே.”

“இருந்துச்சு. நீங்கதான் கேக்கல.”

அவன் தலையில் பனி விழுந்துகொண்டே இருந்தது. துடைக்கவில்லை. பிறகு சொன்னான்.

“நாளை மறுநாள் காலைல நான் கிழக்கு வாசல்ல இருப்பேன், இசோ.”

அவள் மூட்டையை வாங்கிக்கொண்டு கதவைச் சாத்தினாள்.

பல் கறுப்பு ஒரு பானையில் இருந்தது. துருப்பிடித்த ஆணிகளைப் புளித்த தேயிலைத் தண்ணீரில் ஊறப்போட்டது. திறந்தால் ரத்தமும் காடியும் கலந்த மாதிரி ஒரு வாடை. குச்சியை அதில் தோய்த்து, மாசிக்காய்ப் பொடியைத் தொட்டு, ஒவ்வொரு பல்லாகத் தடவினாள். முன்பல் இரண்டுக்கும் நடுவில் ஒரு சின்ன இடைவெளி. அதிலும் தடவினாள்.

தொமே எட்டிப் பார்த்தாள். “என்னடி, மீனவப் பையனுக்கு மாப்பிள்ளை அலங்காரமா?”

இசோ நிமிரவில்லை.

“சரி, சரி. நான் எதையும் பாக்கல,” என்று தொமே திரும்பிக்கொண்டாள்.

கடைசிப் பல். கிடங்கின் சிறிய ஜன்னலில் வெளிச்சம் சாம்பல் நிறமாகிக்கொண்டிருந்தது. இசோ தன் இடது கை விரலால் அந்த உதட்டைத் தூக்கிப் பிடித்திருந்தாள்.

விரலில் ஏதோ பட்டது.

வெதுவெதுப்பாக.

மூச்சு மாதிரி.

அவள் அசையாமல் இருந்தாள். மரத்த விரலுக்குச் சூடு எங்கே தெரியப்போகிறது என்று நினைத்துக்கொண்டாள். தொமே தூரத்தில் ஏதோ முனகிக்கொண்டு தண்ணீர் ஊற்றினாள். அந்தச் சத்தம் நின்ற இடைவெளியில், மிக அருகில், சின்னதாக ஒரு குரல் கேட்டது.

“நான்.”

அவ்வளவுதான்.

இசோ பல்லை முடித்தாள். குச்சியைக் கழுவி வைத்தாள். பலகை எழுதுகிற எழுத்தரிடம் போய் இரண்டு பெயரையும் சொன்னாள். ஒன்று, செத்தவன் பெயர். இன்னொன்று, கொண்டுவந்தவன் பெயர். புருஷன் பெயரை வாய்விட்டுச் சொல்லிப் பழக்கமில்லாததால் இரண்டாவதை மட்டும் தலையைக் குனிந்து முணுமுணுத்தாள். எழுத்தர் “மகோஹாச்சியா?” என்று ஒருமுறை கேட்டு எழுதிக் கொடுத்தார். பலகையைப் பையனின் முடியில் கட்டினாள்.

அன்று மகோஹாச்சி சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டான். அவள் ஏதாவது கேட்பாள் என்று பயந்தவன் போல.

காலையில் அவன் தொட்டிக்கு முன்னால் நிற்கவில்லை. இசோ அதைக் கவனித்தாள். கேட்கவில்லை.

கிடங்கில் தொமே வாசலிலேயே நின்றாள். முகத்தில் கிண்டல் இல்லை.

“இசோ. உன் ஆளோட பல்லைப் பாரு.”

வரிசையில் எல்லாத் தலைகளும் வைத்தது வைத்தபடி இருந்தன. அந்தப் பையனின் பற்கள் மட்டும் வெள்ளையாக இருந்தன. யாரோ உட்கார்ந்து நிதானமாகத் துலக்கிவிட்ட மாதிரி, பால் மாதிரி வெள்ளை. தரையில் ஒரு சொட்டுக் கறுப்பு இல்லை.

“நீ துடைச்சியா?” என்றாள் இசோ.

“எனக்கு வேற வேலை இல்லையா?”

பார்வையிடுவதற்கான முரசு எந்நேரமும் அடிக்கலாம். இசோ பானையை இழுத்தாள். மறுபடி தடவினாள். கை தானாக வேலை செய்தது. முடிக்கும்போதுதான் பலகையைக் கவனித்தாள். மேலே ‘ஹிராகா குராந்தோ’ அப்படியே இருந்தது. கீழே, கொண்டுவந்தவன் பெயர் இருந்த இடத்தில், வெறும் மரம்.

பனி ஒழுகி மை அழிந்திருக்கும். அவள் எழுத்தரிடம் ஓடினாள்.

“ஐயா, கீழ இருக்கிற பேரு அழிஞ்சிருச்சு.”

“சொல்லு, எழுதுறேன்.”

“என் வீட்டுக்காரர் பேரு…”

எழுத்தர் தூரிகையைத் தோய்த்து வைத்துக்கொண்டு காத்திருந்தார்.

இசோவின் நாக்கு மேலண்ணத்தில் போய் நின்றது. அங்கே ஒன்றும் இல்லை. தினமும் தொட்டிக்கு முன்னால் கேட்ட குரல் நினைவிருந்தது. வயது நினைவிருந்தது. கிழக்கு வாசல் நினைவிருந்தது. அதற்கு முன்னால் வருவது மட்டும், பல் விழுந்த இடம் மாதிரி, வழவழவென்று காலியாக இருந்தது.

“நேத்து நீங்களே எழுதினீங்களே ஐயா. உங்களுக்கு ஞாபகம் இல்லையா?”

“ஒரு நாளைக்கு எத்தனை எழுதுறேன். புருஷன் பேரைச் சொல்ல வெக்கமா? முரசு அடிக்கப் போறான், சீக்கிரம் சொல்லு.”

முரசு அடித்துவிட்டது.

தலைகளைத் தட்டில் வைத்து முற்றத்துக்குக் கொண்டுபோய்விட்டுப் பெண்கள் திரைக்குப் பின்னால் நிற்பார்கள். இசோ துணியின் இடுக்கு வழியாகப் பார்த்தாள். பிரபு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். குரோகி ஒவ்வொரு தலையாக வாசித்தார்.

“ஹிராகா குராந்தோவின் தலை. கொண்டு வந்தவன்…” குரோகி பலகையைத் திருப்பிப் பார்த்தார். “பேரு எங்க? யாருடா கொண்டு வந்தது?”

அவள் வீட்டுக்காரன் முன்னால் வந்து மண்டியிட்டான்.

“உன் பேரென்ன?”

அவன் வாயைத் திறந்தான்.

“நான்.”

எல்லோரும் காத்திருந்தார்கள்.

“நான்,” என்றான் மறுபடி. கழுத்து நரம்பு புடைத்தது. வேறு ஒன்றும் வரவில்லை.

பின்வரிசையில் யாரோ சிரிப்பை அடக்கினார்கள். “தலையை எடுக்கத் தெரிஞ்சவனுக்குப் பேரை எடுக்கத் தெரியல,” என்றது ஒரு குரல். பிரபுவே லேசாகச் சிரித்தார்.

இசோ சிரிப்பைக் கவனிக்கவில்லை. அவன் வாயைக் கவனித்தாள். திறந்த வாய்க்குள் அவன் பற்கள் எல்லாம் கறுப்பாக இருந்தன.

பக்கத்தில் தட்டில், பையனின் பற்கள் வெள்ளையாக இருந்தன. யாரும் பார்க்கவில்லை. அதற்குள் பிரபு கையை அசைத்துவிட்டார்.

“பயந்துட்டான், விடு. தகாயாங்கிற குலப்பேரைக் குடு. உள்கோட்டைக்கு அனுப்பு. மிச்சப் பேரை அவனே யோசிச்சுச் சொல்லட்டும்.”

இப்படித்தான் அவனுக்குக் குலப்பேர் கிடைத்தது.

சாயங்காலம் தொமே சொல்லித்தான் இசோவுக்கு அந்த யோசனை வந்தது. “கிழக்கு வாசல் ஆளுங்க வருஷக்கணக்கா அவன்கூட நின்னவங்க. அவங்களுக்குத் தெரியாமலா? போய்க் கேளு. எனக்கு உன் வீட்டுக்காரர்னுதான் தெரியும். பேரு யாருக்கு வேணும்னு இருந்துட்டேன்.”

கிழக்கு வாசலில் தீ மூட்டி உட்கார்ந்திருந்தார்கள். அன்று மட்டும் வெள்ளை அரிசிச் சோறும் சாக்கே மதுவும் கொடுத்திருந்தார்கள். எதற்குக் கொடுக்கிறார்கள் என்று எல்லோருக்கும் தெரியும். அவளைப் பார்த்ததும் பேச்சு நின்றது.

“அண்ணே,” என்றாள் இசோ, ஈட்டிக் குழுவின் தலைவரைப் பார்த்து. “என் வீட்டுக்காரர் பேரு என்னன்னு ஒரு தடவை சொல்லுங்க.”

ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

“என்ன தங்கச்சி, நக்கலா?” என்றான் ஒருவன். “உள்கோட்டை ஐயா பேரை எங்க வாயால சொல்லிக் கேக்கணுமா?”

“இல்லண்ணே. மறந்துருச்சு.”

“குலப்பேரு வந்ததும் பழைய பேரு மறந்துருச்சாம்டா.” சிரித்தார்கள். கெட்ட சிரிப்பு இல்லை. நாளைக்குச் சாகப்போகிறவர்களின் சிரிப்பு. “பெரிய மனுஷங்க பேரை நாங்க வாயில எடுத்தா பாவம். போம்மா.”

“கெஞ்சிக் கேக்குறேன்.”

“அவனை வரச் சொல்லு. இந்த நெருப்புல எங்களோட ஒரு வாய் குடிச்சிட்டுப் போகச் சொல்லு. அப்பச் சொல்றோம்.”

தலைவர் மட்டும் அவள் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். என்ன தெரிந்ததோ. “நாளைக்குத் திரும்பி வந்தா நானே வீட்டுக்கு வந்து சொல்றேன்மா,” என்றார்.

அவள் வீட்டுக்கு ஓடி அவனைக் கையைப் பிடித்து இழுத்தாள். அவன் அடுப்புக்கு முன்னால் உட்கார்ந்த இடத்தை விட்டு எழுந்திருக்கவில்லை.

விடியற்காலையில் கிழக்கு வாசல் திறக்கிற சத்தம் கேட்டது. மரத்தின் நீண்ட முனகல். பிறகு நிறையக் கால்கள் பனியை மிதிக்கிற சத்தம். பிறகு கூச்சல். பிறகு கூச்சல் மெலிந்தது.

பிறகு ஒன்றுமில்லை.

அவள் கதவோரம் நின்று கடைசிவரை கேட்டாள். அவன் பெயரைத் தெரிந்த எல்லோரும் அந்தச் சத்தத்துக்குள் இருந்தார்கள்.

முதுகுக்குப் பின்னால் அவன் பேசினான்.

“நான் எச்சூ கடற்கரை, ஷிராஹா ஊர் ஸுதே. வயசு பதினாறு.”

குரல் அவனுடையது இல்லை. உடைந்தும் உடையாத பையன் குரல். திக்காமல், தெளிவாக, உரக்கச் சொன்னான். மூன்றாவதாக, நிற்கிற இடத்தைச் சொல்ல வேண்டும். அங்கே நின்றான். கறுத்த பற்கள் தெரிய, அறையைச் சுற்றிப் பார்த்தான்.

“இது எந்த ஊரு?”

இசோவுக்குப் பயம் வர வேண்டிய இடம் அது. வரவில்லை. கிடங்கில் எத்தனையோ பேருக்கு முகம் கழுவிவிட்ட அதே கையோடு அவள் அங்கே நின்றாள்.

“தோகுரா,” என்றாள்.

“தோகுரா,” என்று அவன் திருப்பிச் சொல்லிக்கொண்டான். “எங்க அம்மாகிட்டச் சொல்லணும். நான் இங்க இருக்கேன்னு.”

“சொல்றேன்.”

ஸுதே என்றால் எறிந்துவிட்டது என்று அர்த்தம். முன்னால் பிறந்தது தங்காத வீட்டில், இதையாவது சாவு கண்டுகொள்ளாமல் விடட்டும் என்று வைக்கிற பெயர். எந்தத் தாய் வைத்தாளோ.

அன்று பகலிலேயே அவள், பிரபு பார்த்து முடித்த தலைகளைக் குவித்திருந்த மேட்டுக்குப் போனாள். பனியைக் கையால் தோண்டினாள். எந்தத் தலை என்று தேட வேண்டியிருக்கவில்லை. வெள்ளைப் பற்கள் தூரத்திலேயே தெரிந்தன. பொய்ப் பலகையை அறுத்தாள். புருவ மையைப் பனியால் தேய்த்து எடுத்தாள். எழுத்தரிடம் எழுதி வாங்கிவந்த புதுப் பலகையைக் கட்டினாள். ஷிராஹா ஊர் ஸுதே, வயது பதினாறு. ஊரையும் பெயரையும் வயதையும் அந்தக் காதருகே ஒரு தடவை உரக்கச் சொன்னாள்.

முடிச்சைப் போட்டுவிட்டு நிமிர்ந்தபோது, வந்த நாள் முதல் பாதி திறந்தே இருந்த அந்த வாய் மூடியிருந்தது.

நிம்மதியாக மூடியிருந்தது.

அவள் ஓடினாள். பனியில் விழுந்து எழுந்து ஓடினாள். தான் எடுத்ததைத் திருப்பிக் கொடுத்தாகிவிட்டது. இனி அவன் தன்னுடையதைத் திருப்பிக் கொடுப்பான். கதவைத் தள்ளினாள்.

“என்னங்க.”

அடுப்புக்கு முன்னால் இருந்தவன் மெதுவாகத் திரும்பினான். பையன் போயிருந்தான், அது கண்ணில் தெரிந்தது. வேறு யாரும் வந்திருக்கவில்லை. அவன் அவளைப் பார்த்தான். எங்கேயோ பார்த்த முகம் என்பது போலப் பார்த்தான். கறுத்த பற்கள் திறந்தன. கழுத்து நரம்பு புடைத்தது.

“நான்,” என்றான்.

நின்றான்.

வெட்டினாற்போல நின்றான்.

பனி உருகும் காலத்தில் எதிரிகள் தாமாகவே கூடாரத்தைப் பிரித்துக்கொண்டு போனார்கள். இசோ, ஷிராஹா போகிற உப்பு வியாபாரி ஒருவரிடம் பையனின் தாய்க்குச் செய்தி சொல்லியனுப்பினாள். பிறகு அவள் தன்னுடைய வேலையைப் பார்த்தாள். வருகிறவர்கள் போகிறவர்கள் எல்லோரும் கடக்கிற ஆற்றுப் பாலத்தின் முதல் தூணில் ஒரு பலகை வைத்தாள். பெயர் வர வேண்டிய இடத்தைக் காலியாக விடச் சொல்லி எழுத்தரிடம் எழுதி வாங்கினாள். யாராவது நின்று படித்தால் பக்கத்தில் போய் அவர்கள் முகத்தைப் பார்ப்பாள். அவர்கள் தலையை ஆட்டிவிட்டுப் போவார்கள்.

அவன் வீட்டை விட்டு வெளியே வருவதில்லை. இரவில் கதவுக்குக் குறுக்கே அவள்தான் படுக்கிறாள். ஆனாலும் தினமும் காலையில் பாலத்துக்குப் போனால், பலகையில் காலியாக விட்ட இடத்தில் ஒரு சொல் எழுதியிருக்கிறது. ஈரம் காயாமல். துருவும் காடியும் கலந்த வாடையோடு. அவள் தினமும் அதைத் துடைக்கிறாள்.

‘நான்’ என்று மட்டும்தான் இருக்கும்.

துடைத்த பிறகு பலகையில் மிச்சம் இருப்பது இவ்வளவுதான்:

தகாயா குலம். பெயர்            . வயது இருபத்திரண்டு. தோகுரா கோட்டையில் இருக்கிறார். படிக்கிறவர் யாராக இருந்தாலும், இவர் பெயர் உங்களுக்குத் தெரிந்திருந்தால், தயவுசெய்து ஒரு தடவை உரக்கச் சொல்லிவிட்டுப் போங்கள்.